அமெரிக்கா, கனடாவுக்கு குடியேறினவங்க மேல நடந்த தாக்குதல்கள் - நீங்க கேட்டதுக்கு என் பதில்கள்

ஆசியாவுல இருந்து வட அமெரிக்காவுக்கு பிழைக்க போனவங்களோட வரலாற பல வருஷமா படிச்சிட்டு வர்றேன். அதுல அடிச்சு துரத்தினது, வீட்டை கொளுத்தினதுன்னு வர்ற பக்கங்கள பத்தி என்ன வேணா கேளுங்கன்னு சொல்லியிருந்தேன், நிறைய கேட்டிருக்கீங்க. ஒரே மாதிரி வந்த கேள்விகள சேர்த்து எழுதுறேன்.

கேள்வி: அக்கா, 2001 செப்டம்பர் 11க்கு அப்புறம் தானே நம்ம நாட்டு ஆளுங்க மேல அங்க வெறுப்பு வந்துச்சு? அதுக்கு முன்னாடி பிரச்சனை இல்லன்னு தான் நான் நினைச்சிட்டிருந்தேன்.

இல்லப்பா, அதுக்கும் ஒரு நூறு வருஷம் முன்னாடியே நடந்திருக்கு. வாஷிங்டன் மாநிலத்துல பெல்லிங்ஹாம்னு ஒரு ஊர், அங்க மரம் அறுக்கற மில்லுல பஞ்சாப்ல இருந்து வந்த ஆளுங்க வேலை பாத்தாங்க, பெரும்பாலும் சீக்கியர்கள், ஆனா அந்த காலத்து பேப்பர்ல யாரா இருந்தாலும் "ஹிண்டு"ன்னு தான் எழுதுவாங்க. 1907 செப்டம்பர் 4 ராத்திரி சில நூறு பேர் கும்பலா வந்து, அவங்க தங்கியிருந்த இடத்துக்குள்ள புகுந்து, படுத்திருந்தவங்கள தெருவுக்கு இழுத்து போட்டு அடிச்சாங்க, பணத்த நகைய எடுத்துக்கிட்டாங்க. போலீஸ் என்ன பண்ணுச்சுன்னா, அடிச்சவங்கள விட்டுட்டு அடி வாங்கினவங்கள கொண்டு போய் சிட்டி ஹால் கட்டடத்துல அடைச்சு வெச்சுது. ரெண்டு மூணு நாள்ல சுமார் 200 பேரும் ஊரை காலி பண்ணிட்டு போயிட்டாங்க. ஒருத்தருக்கு கூட தண்டனை கிடையாது. மூணு நாள் கழிச்சு எல்லைக்கு அந்தப்பக்கம் வான்கூவர்ல இதே மாதிரி கும்பல் சீனர் தெருவையும் ஜப்பானியர் தெருவையும் உடைச்சுது.

கேள்வி: போலீஸ், கோர்ட்டுன்னு எல்லாம் இருந்துச்சே மேடம், ஏன் யாரையும் தண்டிக்கல?

நான் இந்த வரலாற்றுல முக்கியமா நினைக்கிற விஷயமே இது தான், அதனால கொஞ்சம் நீளமா சொல்றேன். நாம என்ன நினைக்கிறோம், திடீர்னு ஒரு கும்பலுக்கு வெறி புடிச்சு அடிச்சிட்டாங்க, சட்டம் லேட்டா வந்துச்சுன்னு. தேதிகள வரிசையா வெச்சு பாத்தா அப்படி இல்ல, சட்டம் தான் முன்னாடி வந்திருக்கு. 1850ல கலிஃபோர்னியா வெளிநாட்டு தங்கச் சுரங்க ஆளுங்க மேல மாசம் 20 டாலர் வரி போட்டுச்சு. 1854ல அங்க ஒரு சீனரை கொன்ன வெள்ளைக்காரரோட தண்டனைய மாநில சுப்ரீம் கோர்ட் ரத்து பண்ணுச்சு, காரணம் என்னன்னா சாட்சி சொன்னவங்க சீனர்கள், வெள்ளைக்காரருக்கு எதிரா சீனர் சாட்சி செல்லாதுன்னு தீர்ப்பு. யோசிச்சு பாருங்க, உங்கள ஒருத்தன் கொல்றத உங்க சொந்தக்காரங்க பத்து பேர் கண்ணால பாத்தாலும் அது கணக்குல வராது. அந்த ஊர்ல அடிக்கிறவனுக்கு என்ன பயம் இருக்கும்? 1871 அக்டோபர் 24 லாஸ் ஏஞ்சல்ஸ்ல சுமார் 500 பேர் சேர்ந்து ஒரே ராத்திரியில குறைஞ்சது 17 சீனர்கள கொன்னு பல பேரை தூக்குல தொங்க விட்டாங்க, அதுல ஒருத்தர் டாக்டர். எட்டு பேருக்கு தண்டனை கிடைச்சுது, அதுவும் மேல்முறையீட்டுல ரத்தாயிடுச்சு. அப்புறம் 1882ல சீனத் தொழிலாளிங்க நாட்டுக்குள்ளயே வரக்கூடாதுன்னு அமெரிக்க காங்கிரஸே சட்டம் போட்டுச்சு. அதுக்கு அப்புறம் வெறுப்பு அடங்கல, இன்னும் கூடிச்சு, ஏன்னா "இவங்க இங்க இருக்க வேண்டியவங்க இல்ல"ன்னு அரசாங்கமே சொல்லிடுச்சுல்ல. மூணே வருஷத்துல, 1885 செப்டம்பர் 2, வயோமிங்ல ராக் ஸ்பிரிங்ஸ்ங்கற நிலக்கரி சுரங்க ஊர்ல 28 சீனர்கள கொன்னாங்க, சில பேர் கொளுத்தின வீட்டுக்குள்ளயே கருகி செத்தாங்க. அதே வருஷம் நவம்பர்ல வாஷிங்டன் மாநிலத்துல டகோமா ஊர்ல சீனர் எல்லாரையும் மழையில நடக்க வெச்சு வெளியேத்தினாங்க, அப்படி வெளியேத்தின கும்பல்ல அந்த ஊர் மேயரும் ஒரு ஆளு.

கேள்வி: நான் கேக்குறது தப்பா இருந்தா மன்னிக்கணும். கம்மி கூலிக்கு வந்து வேலைய புடுங்கிட்டாங்கன்னா கோபம் வர்றது நியாயம் தானே?

தப்பே இல்லைங்க, கேக்க வேண்டிய கேள்வி தான். கூலி பிரச்சனை நிஜம். ராக் ஸ்பிரிங்ஸ்லயே 1875ல ஸ்டிரைக் பண்ண ஆளுங்கள தூக்கிட்டு கம்பெனி சீனர்கள கொண்டு வந்து இறக்கிச்சு. ஆனா கூலிய குறைச்சது யாரு, இவனை காட்டி அவனை மிரட்டினது யாரு? கம்பெனி. அடி வாங்கினது யாரு? நிலக்கரி வெட்டினவன். கொலை நடந்து ஒரு வாரத்துல பட்டாளத்த காவலுக்கு வெச்சு, தப்பிச்ச சீனர்கள அதே ஊருக்கு திரும்ப கூட்டிட்டு வந்து அதே சுரங்கத்துல இறக்கினாங்க. அந்த வெள்ளைக்கார தொழிலாளிக்கு இதனால என்ன கிடைச்சுது, சொல்லுங்க?

வேற வழி இருந்துச்சுங்கறதுக்கும் சாட்சி இருக்கு. 1903ல கலிஃபோர்னியா ஆக்ஸ்னார்ட்ல சர்க்கரை எடுக்கற பீட் கிழங்கு வயல்ல ஜப்பானியரும் மெக்சிகோகாரங்களும் ஒண்ணா சங்கம் வெச்சு ஸ்டிரைக் பண்ணி ஜெயிச்சாங்க. அப்புறம் அமெரிக்க தொழிலாளர் கூட்டமைப்புல சேர மனு போட்டாங்க. அதோட தலைவர் சாமுவேல் காம்பர்ஸ், ஜப்பானியரையும் சீனரையும் சேர்க்கலன்னா அனுமதி தர்றேன்னாரு. மெக்சிகோகாரங்க, கூட நின்னவங்கள விட்டுட்டு எங்களுக்கு எந்த அனுமதியும் வேணாம்னு மறுத்துட்டாங்க. இந்த சம்பவத்த எப்ப படிச்சாலும் எனக்கு நெஞ்சு நிறைஞ்சிடும்.

கேள்வி: வெள்ளைக்காரங்கள்ளயே குடியேறினவங்க அடி வாங்கினது உண்டா?

உண்டு. 1844ல ஃபிலடெல்ஃபியால ஐரிஷ் கத்தோலிக்கர்களோட சர்ச்சுகள கொளுத்தினாங்க, 1891ல நியூ ஆர்லியன்ஸ்ல 11 இத்தாலியர்கள ஜெயிலை உடைச்சு கொன்னாங்க. ஆனா ஒரு வித்தியாசம், 1790 சட்டப்படி "வெள்ளையர்" குடியுரிமை வாங்கலாம், அதனால ஐரிஷ்காரர் சில வருஷத்துல ஓட்டுப் போடுவார், போலீஸ் வேலைக்கே போவார். ஆசியாவுல இருந்து வந்தவங்களுக்கு அந்த கதவு திறக்கல.

கேள்வி: அப்ப இந்தியர்கள் யாருமே குடியுரிமை வாங்கலையா?

சில பேர் வாங்கினாங்க, வாங்கினதையும் புடுங்கினாங்க. முதல் உலகப்போர்ல அமெரிக்க ராணுவத்துல இருந்த பகத் சிங் திந்த் (நம்ம பகத் சிங் இல்ல, இவர் வேற) கேஸ்ல, 1923ல சுப்ரீம் கோர்ட் இந்தியர் வெள்ளையர் இல்லன்னு சொல்லிடுச்சு. அதுக்கப்புறம் ஏற்கனவே குடிமக்களா ஆனவங்ககிட்ட இருந்தும் பறிச்சாங்க. 1946ல தான் வழி விட்டாங்க, அதுவும் வருஷத்துக்கு 100 பேர் தான் வரலாம்னு அப்ப வரம்பு வெச்சாங்க.

கேள்வி: கனடா இதுல பரவால்லன்னு சொல்றாங்களே அக்கா?

அப்படி சொல்லிட முடியாது தம்பி. இந்தியர்கள வராம தடுக்க 1908ல, சொந்த நாட்டுல இருந்து எங்கயும் இறங்காம நேரா வர்ற பயணமா இருக்கணும்னு விதி போட்டாங்க, இந்தியாவுல இருந்து அப்படி வர கப்பலே கிடையாது. அத எதிர்த்து 1914ல கோமகட்டா மாரு கப்பல் 376 பேரோட வான்கூவர் போச்சு. ரெண்டு மாசம் துறைமுகத்துல நிக்க வெச்சு, 24 பேரை மட்டும் இறக்கிட்டு மீதி எல்லாரையும் திருப்பி அனுப்பிட்டாங்க, கல்கத்தா பக்கம் பட்ஜ் பட்ஜ்ல இறங்கினப்ப பிரிட்டிஷ் போலீஸ் சுட்டு சுமார் 20 பேர் செத்தாங்க. கனடா பிரதமர் நாடாளுமன்றத்துல மன்னிப்பு கேட்டது 2016ல.

இது தமிழர் கதையும் தான். 1986ல ரெண்டு உயிர்காப்பு படகுல கடல்ல தத்தளிச்ச 155 ஈழத்தமிழர்கள நியூஃபவுண்ட்லாந்து மீனவர்கள் காப்பாத்தி கரை சேத்தாங்க. 2010ல சன் சீ கப்பல்ல 492 தமிழர்கள் போய் சேர்ந்தப்ப குழந்தைங்க உட்பட தடுப்புக்காவல்ல வெச்சாங்க, பல பேர் மாசக்கணக்குல உள்ள இருந்தாங்க. ஒரே நாடு, ஒரே சனம், ஒரு தடவை வலைய விட்டுட்டு கை நீட்டிச்சு, இன்னொரு தடவை கம்பிக்கு பின்னாடி வெச்சுது.

கேள்வி: எங்க சித்தி 80கள்ல ஜெர்சி சிட்டியில இருந்தாங்க, பொட்டு வெச்சிட்டு வெளிய போகவே பயமா இருக்கும்னு சொல்வாங்க. நாங்க மிகைப்படுத்துறாங்கன்னு நினைச்சோம்.

சித்திக்கு ஒரு போன் போடுங்க, அவங்க சொன்னது அத்தனையும் உண்மை. 1987ல "டாட்பஸ்டர்ஸ்"னு (டாட்னா பொட்டு) பேர் வெச்சுக்கிட்ட ஒரு கும்பல், இந்தியர்கள ஊரை விட்டு துரத்த எந்த எல்லைக்கும் போவோம்னு லெட்டர் எழுதி, அது உள்ளூர் பேப்பர்ல வந்துச்சு. அந்த செப்டம்பர்ல பக்கத்து ஊர் ஹோபோக்கன்ல ஒரு இந்திய இளைஞரை இளவட்டங்க சேர்ந்து அடிச்சே கொன்னாங்க. அவர் பார்சி, இந்து கூட இல்ல.

கேள்வி: அப்ப வேற யாரோன்னு நினைச்சு தப்பான ஆளை அடிக்கிறது தான் நிறையவா?

அந்த "தப்பான ஆளு"ங்கற பேச்சே எனக்கு புடிக்காது, அப்ப சரியான ஆளுன்னு ஒருத்தர் இருக்காரா அடிக்க? 1982ல டெட்ராய்ட் பக்கம் வின்சென்ட் சின்னை பேஸ்பால் மட்டையால அடிச்சு கொன்னாங்க, ஜப்பான் கார்னால அங்க வேலை போயிட்டிருந்த நேரம், அவர் சீன வம்சாவளி. கொன்னவங்களுக்கு ஜட்ஜ் 3,000 டாலர் அபராதமும் 3 வருஷ நன்னடத்தை காலமும் தான் கொடுத்தார், ஒரு நாள் கூட ஜெயில் இல்ல. வின்சென்ட்டோட அம்மா லில்லி சின் ஊர் ஊரா போய் அழுதுக்கிட்டே பேசினாங்க, அதுல தான் சீனர், ஜப்பானியர், கொரியர், ஃபிலிப்பினோன்னு தனித்தனியா இருந்தவங்க ஒண்ணா நின்னாங்க. 2001 செப்டம்பர் 15 அரிசோனா மேசாவுல தன்னோட பெட்ரோல் பங்க் வாசல்ல நின்ன பல்பீர் சிங் சோதிங்கற சீக்கியரை தலைப்பாகைய பாத்து சுட்டுக் கொன்னாங்க. 2012ல விஸ்கான்சின் மாநிலத்துல ஓக் க்ரீக் குருத்வாராவுல நடந்த துப்பாக்கிச்சூட்டுல அன்னிக்கே ஆறு பேர் செத்தாங்க. சீக்கியர் மேல நடக்கிற வெறுப்புக் குற்றங்கள எஃப்.பி.ஐ. தனியா கணக்கெடுக்க ஆரம்பிச்சதே 2015ல தான். அதுக்கு முன்னாடி அடி விழுந்துச்சு, கணக்குல வரல.

கேள்வி: சட்டத்த வெச்சு எதிர்த்து ஜெயிச்சவங்க யாராவது உண்டா?

வாங் கிம் ஆர்க். சான் ஃபிரான்சிஸ்கோவுல பொறந்த சமையல்காரர், அப்பா அம்மா சீனர்கள். 1895ல சீனா போயிட்டு திரும்பினப்ப நீ குடிமகன் இல்லன்னு இறங்க விடாம, மாசக்கணக்கா கப்பல் மாத்தி கப்பல்ல வெச்சிருந்தாங்க. அவர் விடல, சீன சங்கங்கள் வக்கீல் வெச்சு கூட நின்னுச்சு. 1898ல சுப்ரீம் கோர்ட், இங்க பொறந்தவர் இந்த நாட்டு குடிமகன்னு 6க்கு 2ன்னு தீர்ப்பு கொடுத்துச்சு. அதுக்கப்புறம் வந்த குடியேறிகளோட பிள்ளைங்க அங்க குடிமக்களா வளர்ந்ததுக்கு அடிப்படை அந்த தீர்ப்பு. அவரை இவ்ளோ நாள் கப்பல்லயே நிக்க வெச்சது, சீனர் வரக்கூடாதுங்கற அதே 1882 சட்டம் தான், அது அவர் ஜெயிச்சதுக்கு அப்புறமும் 1943 வரைக்கும் உயிரோட இருந்துச்சு.