கடலோரத் திருவிழா நாடகத்துக்கு ஒலிப்பதிவு: கேள்வி பதில்

கோயில் திருவிழாக்களில் விடிய விடிய நடக்கும் இசை நாடகங்களை வீடியோ எடுக்கும் தம்பிகள் அனுப்பிய கேள்விகள் இவை.

சாயல்குடியிலிருந்து: அண்ணே, சவுண்ட் சர்வீஸ் மிக்சரிலிருந்து ஒரு வயர் இழுத்து கேமராவில் கொடுத்தால் போதாதா?

போதாது தம்பி. அந்தக் கலவை திடலில் உட்கார்ந்திருப்பவர்களுக்காகச் செய்தது. மிருதங்கமும் ஆல்ரவுண்டும் (பல தாளக் கருவிகளை ஒருவரே வாசிப்பது) மைக் இல்லாமலே ஓங்கிக் கேட்கும் என்பதால் சவுண்ட் சர்வீஸ்காரர் அவற்றைக் குறைத்துத்தான் வைத்திருப்பார். அதை அப்படியே எடுத்தால் பாட்டு காதருகில் நிற்கும், தாளம் கிணற்றுக்குள்ளிருந்து வரும். அந்த வயரையும் வாங்குங்கள். கேமராவில் இன்புட்டை 'லைன்' என்று மாற்றிக்கொள்ளுங்கள், இல்லையென்றால் கரகரக்கும். கூடவே தனி ரெக்கார்டர் ஒன்றில் பக்கவாத்தியத்துக்கு ஒரு மைக், கூட்டத்தைப் பார்த்து ஒரு மைக், இரண்டும் தனித்தனி டிராக்கில் ஓடட்டும். பபூன், அதாவது நாடகத்தின் கோமாளி, ஒரு வார்த்தை சொல்ல, திடலே சிரிக்கிறதே, அந்தச் சிரிப்பும் நாடகம்தான். அது பதிவில் இல்லாவிட்டால் அடுத்த வசனத்துக்கு அவர் ஏன் அவ்வளவு நேரம் நிறுத்தினார் என்பதே புரியாது. கூட்டத்து மைக்கைக் குழாய் ஸ்பீக்கருக்கு நேரே மட்டும் வைக்காதீர்கள்.

மண்டபத்திலிருந்து: ஆடிக் காற்றில் மைக் புர்புர் என்கிறது. ஸ்பாஞ்ச் போட்டும் நிற்கவில்லை.

நம் கரைக் காற்றுக்கு ஸ்பாஞ்ச் தாங்காது. ரோமம் வைத்த உறை போடுங்கள், மேடைத் தட்டி காற்றை மறைக்கும் பக்கமாக மைக்கை நகர்த்துங்கள். குரல் மைக்கில் 80 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ள அடித்தொனியை வெட்டிவிடலாம். மிருதங்க மைக்கில் வெட்ட வேண்டாம், தொப்பியின் (மிருதங்கத்தின் இடப்பக்கம்) கனம் போய்விடும். அப்புறம், உப்புக் காற்று பிளக்கை அரிக்கும். வேலை முடிந்ததும் துடைத்து வையுங்கள்.

தொண்டியிலிருந்து: பாடுபவரின் வாயசைவும் சத்தமும் ஒட்டவில்லையே?

தூரத்தில் நிற்கும் கேமராவின் மைக்கையே நம்பியிருப்பீர்கள். ஒலி 35 மீட்டர் கடக்கப் பத்தில் ஒரு நொடி ஆகும். நொடிக்கு 25 பிரேம் என்றால் இரண்டரை பிரேம் பிந்தும். எடிட்டிங்கில் அந்த ஒலி அந்த அளவு முன்னதாகவே வரும்படி நகர்த்துங்கள். ரெக்கார்டரின் சாம்பிள் ரேட்டை 48,000 ஹெர்ட்ஸில் வையுங்கள். ராத்திரி முழுக்க ஓடினால் கேமராவும் ரெக்கார்டரும் கொஞ்சம் கொஞ்சமாக விலகும். இரண்டையும் பொருத்திப் பார்க்க ஆரம்பத்தில் ஒரு கைதட்டு போதாது, இடையிடையேயும் தட்டுங்கள்.

கீழக்கரையிலிருந்து: காலர் மைக்கை எங்கே மறைப்பது?

நெஞ்சில் குத்தினால் ராஜபார்ட்டின் (கதாநாயக வேடக்காரர்) மணிமாலை அத்தனையும் அதில் உரசும். மேல்நாட்டு மேடைகளில் நெற்றியில் முடி தொடங்கும் இடத்தில், விக்குக்குள் ஒளித்து வைப்பார்கள். நம் கலைஞர்களுக்குக் கிரீடத்தின் முன்விளிம்பு சரியான இடம். வியர்வை வழிவதற்கு முன்பே டேப் ஒட்டிவிடுங்கள். ஒட்டுவதற்கு முன் அவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள், அவர் வசதிதான் முதலில்.

பாம்பனிலிருந்து: லெவல் எவ்வளவு வைக்கலாம்?

சாதாரணப் பேச்சில் வைக்காதீர்கள். ராஜபார்ட்டை உச்சத்தில் ஒரு வரி பாடச் சொல்லி, அது மீட்டரில் மைனஸ் 12 டெசிபலைத் தொடும்படி வையுங்கள். மேடையில் வாக்குவாதமான தர்க்கம் சூடேறும்போது இன்னும் ஏறும், அதற்கு மேலே அந்த இடம் வேண்டும். 24 பிட்டில் எடுத்தால் சன்னமான வசனத்தைப் பிறகு உயர்த்திக்கொள்ளலாம்.