கல்யாண வீடியோ எடிட்டர் சொந்தமாகப் படம் எழுதி இயக்க முடியுமா?

தருமபுரியில் கல்யாண வீடியோ எடிட் செய்கிறேன், சென்னைக்குப் போய் உதவி இயக்குநராகச் சேராமல் சொந்தமாகப் படம் எழுதி இயக்க முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள். இயக்கலாம், அதில் சந்தேகமே வேண்டாம். எழுதுவதுதான் படுத்தி எடுக்கும். நானும் பென்னாகரம் பக்கம் ஒரு ஸ்டுடியோவில் இதே வேலை பார்த்துவிட்டுக் குறும்படத்துக்கு வந்தவன்தான்.

எடிட்டிங்கிலிருந்து இயக்கத்துக்குப் போவது தமிழ் சினிமாவில் பழைய வழி. இயக்குநர் பீம்சிங், கிருஷ்ணன்-பஞ்சு என்ற இரட்டை இயக்குநர்களிடம் உதவி எடிட்டராக இருந்தவர். எஸ்.பி. முத்துராமன் ஏவி.எம்.மில் எடிட்டிங் பிரிவில் தொடங்கியவர். பீம்சிங்கின் மகன், எடிட்டர் லெனின், 'ஊருக்கு நூறு பேர்' படத்துக்காக 2001-ஆம் ஆண்டின் சிறந்த இயக்குநர் தேசிய விருதே வாங்கினார். ஆனால் அவர் எடுத்துக்கொண்டது ஜெயகாந்தனின் கதை. கதையை வெளியில் வாங்குவதில் கௌரவக் குறைச்சல் ஒன்றும் இல்லை.

நானேதான் எழுதுவேன் என்றால், ஒன்று கவனியுங்கள். எது வேண்டாம் என்பது எடிட்டருக்கு அத்துப்படி. கையில் ஒன்றுமே இல்லாதபோது எங்கிருந்து ஆரம்பிப்பது என்பதுதான் பழக்கமில்லை. அதனால் நம்மவர்கள் எழுதும் ஸ்கிரிப்ட்டில் 'க்ளோசப்பில் கண்', 'டாப் ஆங்கிளில் ரோடு' என்று ஷாட்டாகவே இருக்கும். யாருக்கு என்ன வேண்டும், யார் குறுக்கே நிற்கிறார் என்பது இருக்காது.

நீங்கள் வெட்டிப் போடும் ரா ஃபுட்டேஜைப் பாருங்கள். எனக்குக் கதை கிடைத்தது மொய் மேசையில். ஹைலைட்ஸில் அதற்கு இரண்டு நொடி தந்தால் பெரிய விஷயம். மஞ்சள் தடவிய நோட்டு, பக்கத்தில் தாம்பாளம். ஒருவர் பணத்தை எண்ணி ஊர், பேர், தொகை என்று சத்தமாகச் சொல்கிறார், இன்னொருவர் எழுதுகிறார். வரிசையில் நின்ற ஒரு பெரியவர், தனக்கு முன்னால் இருந்தவரின் தொகையைக் கேட்டதும், வெளியே எடுத்த கவரைத் திரும்பச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு ஓரமாகப் போய்விடுகிறார். அவ்வளவுதான். திரும்பி வந்து எவ்வளவு எழுதினார், யாரிடம் வாங்கி எழுதினார் என்று யோசித்ததில்தான் ஸ்கிரிப்ட் வந்தது. (அந்த ஃபுட்டேஜைப் படத்தில் சேர்க்கவில்லை. அடுத்த வீட்டு விசேஷம், நீங்களும் தொடாதீர்கள்.)

இயக்கும்போது எடிட்டருக்கு ஒரு கெட்ட பழக்கம் உண்டு. தனக்கு வேண்டிய துண்டு கிடைத்ததும் 'கட்' சொல்லிவிடுவார். நடிக்கிறவர் அப்போதுதான் சூடாகியிருப்பார். வசனம் முடிந்த பிறகும் கேமராவை ஓடவிடுங்கள், நல்ல முகங்கள் அங்கேதான் மாட்டும். நம் பக்கத்துப் பாரதக் கூத்துக் கலைஞர்களை நடிக்க வைத்தால் இது இன்னும் முக்கியம். விடிய விடிய கடைசி வரிசைக்கும் கேட்கப் பாடிய குரல், கையிலிருக்கும் சிறிய மைக்குக்கு இறங்கிவர நேரமெடுக்கும். அவசரப்படுத்தினால் வீம்புக்கு இன்னும் ஏறும்.

லென்ஸுக்குச் செலவழிப்பதைவிட மைக்குக்குச் செலவழியுங்கள். ஒவ்வொரு இடத்திலும் யாரும் பேசாமல் அந்த இடத்துச் சத்தத்தை மட்டும் ஒரு நிமிடம் பதிவு செய்துகொள்ளுங்கள். ஏன் என்று உங்களுக்கே தெரியும், வசனத்தை வெட்டி ஒட்டும் இடங்களில் இடைவெளி தெரியாமல் நிரப்ப அதுதான் கைகொடுக்கும். அப்புறம், முடிந்தால் படத்தை வேறு ஒருவரை எடிட் செய்யச் சொல்லுங்கள். ஒரு ஷாட்டுக்காக வெயிலில் எவ்வளவு அலைந்தீர்கள் என்பது அவருக்குத் தெரியாது, தாட்சண்யம் இல்லாமல் தூக்கிவிடுவார்.

வேலையை விட வேண்டாம். ஆடியிலும் மார்கழியிலும் முகூர்த்தம் கிடையாது. கேமராக்களும் பையன்களும் சும்மா இருப்பார்கள், வாடகையும் பேசிக் குறைக்கலாம். கூத்துக்காரர்கள் வேண்டுமென்றால் மார்கழிதான் தோது, ஆடியில் அம்மன் கோயில் திருவிழாக்களுக்குக் கிளம்பிவிடுவார்கள்.