ஆறும் கடலும் சேரும் இடத்தில் இருக்கும் ஒரு சின்ன மீன்பிடி ஊரில் வாழ்க்கை எப்படி இருக்கும்? அமைதியாக இருக்குமா?

நான் இலங்கையின் கிழக்கே, மட்டக்களப்பு மாவட்டத்தின் தெற்குப் பக்கம், கல்லாற்றுப் பகுதியில் பிறந்து வளர்ந்தவன். கிழக்கே கடல், மேற்கே மட்டக்களப்பு வாவி என்னும் நீண்ட கடல்நீரேரி, இரண்டுக்கும் நடுவில் ஒடுங்கலான மணல் நிலம். வீடு, பள்ளிக்கூடம், கோயில், கல்முனைக்குப் போகும் பிரதான வீதி எல்லாம் அந்த மணலில்தான். காலையில் கடற்கரைக்கும் பின்னேரம் வாவிக்கரைக்கும் நடந்தே போய் வரலாம்.

அமைதி உண்டு. ஆனால் ஊரின் சோறு, வருமானம், சண்டை, சமாதானம் எல்லாவற்றையும் தீர்மானிப்பது முகத்துவாரம், அதாவது வாவி கடலோடு சேரும் வாய். அது திறந்திருக்கிறதா மூடியிருக்கிறதா என்பதுதான் எங்களுக்கு முதல் செய்தி. அதைப் பற்றித்தான் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும்.

ஏறத்தாழ 56 கிலோமீற்றர் நீளமான இந்த வாவிக்குக் கடலோடு இரண்டு வாசல்கள். ஒன்று நகரத்துக்குப் பக்கத்தில் பாலமீன்மடுவில், மற்றது தெற்கே எங்கள் கல்லாற்றில். எங்கள் கரையில் கடல் ஏறி இறங்கும் வற்றுப்பெருக்கு மிகவும் குறைவு. அதனால் ஆற்று நீரின் வேகம் இருந்தால்தான் வாசல் திறந்திருக்கும். தென்மேற்கிலிருந்து கச்சான் காற்று வீசும் மாதங்களில் மழை இல்லை, ஆறுகளில் தண்ணீர் இல்லை. கடல் மணலைக் கொண்டுவந்து குவித்து வாசலை அடைத்துவிடும். பிறகு ஐப்பசி, கார்த்திகையில் வாடை மழை, அதாவது வடகிழக்குப் பருவமழை தொடங்கும். உன்னிச்சைக் குளத்தின் வான்கதவு திறந்தாச்சாம், நவகிரிக் குளம் நிரம்புதாம் என்று கதை வரும். அந்தத் தண்ணீரெல்லாம் வாவிக்குத்தான் வந்து சேர வேண்டும். வாசல் மூடியிருந்தால் எங்கே போகும்? வாவிக்கு மேற்கே உள்ள படுவான்கரையில் அப்போதுதான் பெரும்போக நெல் விதைத்திருப்பார்கள். இளம்பயிர் தண்ணீருக்குள் போய்விடும். தாழ்வான இடத்து வீடுகளுக்குள்ளும் வெள்ளம் ஏறும்.

அதனால் முகத்துவாரத்தை வெட்ட வேண்டும் என்பதில் யாருக்கும் மறுப்பில்லை. எப்போது வெட்டுவது என்பதில்தான் முழுப் பிரச்சினையும். விவசாயிக்கு நேற்றே வெட்டியிருக்க வேண்டும். வாவியில் தோணி தள்ளுபவருக்கோ இறால் இன்னும் கொஞ்சம் வளர வேண்டும், வாவியில் தண்ணீர் நிற்க வேண்டும். அவசரப்பட்டு வெட்டி, அதற்குப் பிறகு மழை பொய்த்துவிட்டால் வாவி வற்றிப்போகும். உப்புத் தண்ணீர் உள்ளே ஏறினால் கரையோர வயலுக்கும் கேடு. ஆனால் வெட்டாமலே வைத்திருக்கவும் முடியாது. கடலிலிருந்து இறால் குஞ்சும் மீன் குஞ்சும் உள்ளே வருவதற்கு அந்த வாசலை விட்டால் வேறு வழியில்லை. கச்சேரியில், அதாவது மாவட்டச் செயலகத்தில் கூட்டம் போட்டு அதிகாரிகளும் விவசாய அமைப்புகளும் மீனவர் சங்கங்களும் பேசித்தான் வெட்டும் நாளை முடிவு செய்வார்கள்.

வெட்டும் நாளில் ஊரே அங்கேதான் நிற்கும். முதலில் ஒரு சின்ன வாய்க்கால்தான். தண்ணீர் ஓடத் தொடங்கியதும் மணலைத் தானே அரித்து அரித்து, கொஞ்ச நேரத்தில் ஆள் கடக்க முடியாத ஆறாகிவிடும். "வெட்டியாச்சு, மறுகா என்ன, அத்தாங்கை எடு மச்சான்" என்று கைவலையான அத்தாங்கோடு ஒருவரை ஒருவர் கூப்பிட்டுக்கொண்டு ஓடுவார்கள். கடலை நோக்கிப் போகும் நீரோடு இறால் அள்ளுப்பட்டு வரும். அன்று எங்கள் வீதியில் இறால் கறி மணக்காத வீடு இருக்காது. எனக்குத் தெரிந்து, தீபாவளியை விட அதிக சந்தோஷமான நாள் அதுதான்.

வருடத்தின் மற்றப் பாதியில் கடல்தான் சோறு போடும். வாடைக்காலம் முடிந்து கடல் படுத்தபின், சித்திரையிலிருந்து புரட்டாதி வரை கரைவலை இழுப்பார்கள். தோணியில் வலையைக் கொண்டுபோய் வளைத்து விட்டு வந்து, இரண்டு பக்கக் கயிற்றையும் கரையில் நின்று பல பேர் சேர்ந்து இழுப்பது. இதில் சம்பளம் இல்லை, பங்குதான். மீன் சேரும் வலையின் மடி கரைக்கு வந்ததும் ஏலம். மிஞ்சும் சின்ன மீனைக் கூறு போட்டு விற்பார்கள், அதிலும் மிஞ்சினால் கருவாடு. மீன் பெட்டி கட்டிய மோட்டார் சைக்கிள்கள் பாலங்களைத் தாண்டிப் படுவான்கரைக்குப் பறக்கும்.

வைகாசியில் மட்டும் ஒரு மாற்றம். கண்ணகி அம்மன் கோயில் கதவு திறந்ததிலிருந்து கடைசிச் சடங்கான குளிர்த்தி முடியும் வரை வீட்டில் மச்சம், அதாவது மீன் இறைச்சி சமைக்க மாட்டோம். மீனில் வாழும் ஊர் மீன் இல்லாமல் இருக்கும் அந்த நாட்களை நான் மிகவும் மதிக்கிறேன்.

கஷ்டமும் சொல்ல வேண்டும். யுத்த காலத்தில் இரவில் தொழிலுக்குப் போக முடியாத வருடங்கள் இருந்தன. 2004 டிசம்பர் 26இல் கடல் வாவி வரைக்கும் வந்தது. உறவுகளை இழந்த வீடுகளைப் பற்றி இங்கே எழுத எனக்கு மனம் வரவில்லை. தோணியும் வலையும் போயின, கிணறுகள் உப்பாகிப் பல மாதம் குடிக்க முடியாமல் கிடந்தன. அப்புறம் 2022. படகு இயந்திரத்துக்கு ஊற்றும் மண்ணெண்ணெய் லீற்றர் 87 ரூபாயிலிருந்து ஒரே நாளில் 340 ரூபாயானது. பல படகுகள் கரையில் ஏறிவிட்டன. அந்த நேரம் கம்பு ஊன்றித் தள்ளும் வாவித் தோணிதான் எத்தனையோ குடும்பங்களைக் காப்பாற்றியது. இதனால்தான் வாவிக்கரையில் சதுப்பில் வளரும் கண்டல் மரத்தை வெட்டுவதையும், தடைசெய்த தங்கூசி (ஒற்றை நைலோன் இழை) வலை போடுவதையும் கண்டால் எனக்குப் பொறுக்காது. இறாலும் நண்டும் குஞ்சாக ஒதுங்கும் இடம் அந்தக் கண்டல் வேர்தான். பிள்ளைகள் பலர் கட்டாருக்கும் டுபாய்க்கும் போய்விட்டார்கள். அவர்களைக் குறை சொல்ல மாட்டேன்.

வாவித் தண்ணீருக்குள்ளிருந்து இசைபோல ஒலி எழுப்புவதாகச் சொல்லும் பாடும் மீன் பற்றியும் எல்லோரும் கேட்பார்கள். அதற்குக் கல்லடிப் பாலம் பக்கம் போக வேண்டும். காற்றடங்கிய நிலாக் காலத்தில், தோணியில் இருந்து துடுப்பின் ஒரு முனையைத் தண்ணீரில் விட்டு மறுமுனையில் காதை வைத்துக் கேட்பார்கள்.

நீங்கள் வந்து பார்ப்பதானால், கடலில் குளிக்கவும் கரைவலை பார்க்கவும் மே, ஜூன், ஜூலை நல்லது. ஊரைத் தெரிந்துகொள்ள வேண்டுமென்றால் நவம்பர் கடைசியிலோ டிசம்பரிலோ வாருங்கள், மழையில் நனையத் தயாராக. வாவிக்குக் கிழக்கே, எழுவான்கரையில் எங்களோடு மட்டும் பேசிவிட்டுப் போகாமல், படுவான்கரைக்கும் போய் ஒரு வயல்காரரிடம் முகத்துவாரம் எப்போது வெட்ட வேண்டும் என்று கேளுங்கள். அவர் சொல்வதிலும் நியாயம் இருக்கும்.