அரசு காண்ட்ராக்ட் வேலை முடித்தும் பில் பணம் வரவில்லை, சட்டப்படி என்ன செய்யலாம்?

வேலை முடித்து ஒன்றரை வருடமாகியும் துறையிலிருந்து பணம் வரவில்லை, கேஸ் போடலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். நான் அல்சூரில் இருக்கும் சின்ன சிவில் காண்ட்ராக்டர். பெங்களூரில் ஒரு அரசு அமைப்புக்கு வடிகால் கட்டிக் கொடுத்துவிட்டு 14 லட்சத்துக்காக இரண்டே முக்கால் வருடம் அலைந்திருக்கிறேன். வேலை செய்த ஆட்களுக்குக் கூலி கொடுக்க வீட்டு நகையை அடகு வைத்தேன். ஆபீசில் எப்போது போனாலும் "கிராண்ட் பந்தில்ல, நாளெ பன்னி" (நிதி வரவில்லை, நாளை வாருங்கள்) என்று கன்னடத்தில் சொல்வார்கள்.

விடாமல் கடிதம் கொடுத்து, ஒவ்வொன்றின் நகலிலும் ஆபீசில் பெற்றுக்கொண்டதற்கான இன்வர்ட் சீல் வாங்கினேன். மொத்தம் பதினோரு கடிதம். சிவாஜிநகரில் வக்கீல் அந்தக் கட்டை அப்படியே ஓரமாக வைத்துவிட்டு, "இதெல்லாம் நீங்க கேட்டது. அவங்க கையெழுத்துப் போட்டு ஏதாவது கொடுத்திருக்காங்களா?" என்று கேட்டார். எனக்கு வயிற்றைக் கலக்கிவிட்டது.

வழக்குப் போடுவதற்கான காலக்கெடுவைச் சொல்லும் 1963ஆம் ஆண்டு லிமிடேஷன் சட்டப்படி, பணம் தர வேண்டிய தேதி ஒப்பந்தத்தில் இல்லையென்றால், வேலை முடிந்த நாளிலிருந்து மூன்று வருடத்துக்குள் வழக்குப் போட வேண்டும். நாம் எத்தனை கடிதம் கொடுத்தாலும் அந்தக் கெடு நீளாது. கெடு முடிவதற்குள் பாக்கியை ஒப்புக்கொண்டு அவர்கள் எழுத்தில் கையெழுத்திட்டுக் கொடுத்தால் அந்தத் தேதியிலிருந்து புதிதாக மூன்று வருடம் கிடைக்கும். நல்லவேளை, "பில் பாஸ் ஆகியுள்ளது, நிதி வந்ததும் வழங்கப்படும்" என்று செயற்பொறியாளர் அனுப்பிய ஒரே ஒரு பதில் ஃபைலில் இருந்தது. உங்களிடம் அப்படி ஒன்று இல்லையென்றால் இந்த வாரமே முயற்சி செய்யுங்கள். கூடவே 2005ஆம் ஆண்டு தகவல் உரிமைச் சட்டத்தில் எம்.பி. புத்தக (முடித்த வேலையின் அளவைப் பொறியாளர் பதியும் புத்தகம்) நகலும் பில்லின் நிலையும் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். எம்.பி.யில் அளவு ஏறி, பொறியாளர் கையெழுத்து இருந்தால் வேலையே நடக்கவில்லை என்று யாரும் சுலபமாகச் சொல்ல முடியாது.

அப்புறம் ஒப்பந்தத்தில் ஆர்பிட்ரேஷன் ஷரத்து (தகராறை கோர்ட்டுக்கு வெளியே நடுவர் தீர்க்க வேண்டும் என்ற நிபந்தனை) இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் பெரும்பாலும் அந்த வழிதான். இல்லையென்றால் சிவில் வழக்கு; அரசு மீது போடுவதற்கு முன் சிவில் நடைமுறைச் சட்டம் 80ஆம் பிரிவில் இரண்டு மாத நோட்டீஸ் கொடுக்க வேண்டும். பாக்கியைத் துறையே ஒப்புக்கொண்டிருந்தால் உயர் நீதிமன்றத்தில் அரசியல் சாசனம் 226ஆம் பிரிவில் ரிட் (அரசு அமைப்புக்கு உத்தரவிடக் கேட்கும் மனு) போடலாம். நான் போனது அந்த வழியில். அளவு, தரம் என்று தகராறு இருந்தால் ரிட்டில் அதிகம் எதிர்பார்க்காதீர்கள், சிவில் கோர்ட்டுக்குப் போகச் சொல்லிவிடுவார்கள்.

பொருள் சப்ளை, சர்வீஸ் செய்கிறவர் என்றால் இன்னொரு நல்ல வழி உண்டு. உத்யம் பதிவு (சிறுதொழில்களுக்கான மத்திய அரசுப் பதிவு) உள்ள குறு, சிறு நிறுவனமாக இருந்தால் 2006ஆம் ஆண்டு எம்.எஸ்.எம்.இ. சட்டம் உதவும். அதிகபட்சம் 45 நாளில் பணம் தர வேண்டும். தாமதித்தால் ரிசர்வ் வங்கியின் பேங்க் ரேட்டைப் போல மூன்று மடங்கு, அதுவும் மாதாமாதம் கூட்டு வட்டி. இந்தச் சட்டப்படி அமைந்த மாநில கவுன்சிலில் அரசின் ஆன்லைன் தளம் வழியாக மனு போடலாம். அங்கே வரும் தீர்ப்பை எதிர்த்து துறை கோர்ட்டுக்குப் போனாலும் 75 சதவீதம் கட்டிவிட்டுத்தான் போக முடியும். கட்டுமான ஒப்பந்தத்துக்கு இது பொருந்துமா என்பதில் தீர்ப்புகள் இரண்டு பக்கமும் இருக்கின்றன. எப்படியும் உத்யம் பதிவை டெண்டர் போடும் முன்பே முடித்துவிடுங்கள்.

கேஸ் போட்டால் அடுத்த வேலை கிடைக்காது என்று எனக்கும் சொன்னார்கள். அதன்பிறகும் டெண்டர் எடுத்திருக்கிறேன்.

கடைசியாக ஒன்று. எனக்கு அசல் வந்தது, வட்டி வரவில்லை. செக் கொடுத்த அன்று "இனி பாக்கி எதுவும் இல்லை" என்று அச்சடித்த தாளை நீட்டினார்கள். பணம் கைக்கு வந்தால் போதும் என்று கையெழுத்துப் போட்டுவிட்டேன். உங்களிடமும் நீட்டுவார்கள். "வட்டி உரிமையை விட்டுக்கொடுக்காமல், ஆட்சேபத்துடன் பெற்றுக்கொள்கிறேன்" என்று கைப்பட எழுதி, அதற்குக் கீழே கையெழுத்துப் போடுங்கள். மறக்காமல் ஒரு போட்டோ எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.