ஷேம்லெஸ் சீரிஸ் 11 சீசன் இருக்கே, முழுசா பாக்கணுமா இல்ல பாதியில நிறுத்திடலாமா?

முதல் அஞ்சு சீசனை கண்ணை மூடிட்டு பாருங்க (கண்ணை மூடிட்டு எப்படி பாக்குறதுன்னு கேக்காதீங்க). அதுக்கப்புறம் உங்க பொறுமை.

நான் சொல்றது அமெரிக்கன் வெர்ஷன், 2011ல ஷோடைம் சேனல்ல ஆரம்பிச்சு 2021ல 134 எபிசோடோட முடிஞ்சது. ஒரிஜினல் பிரிட்டிஷ், பால் அப்பாட் தன் சின்ன வயசு அனுபவத்தை வச்சு எழுதினது, கதை மான்செஸ்டர்ல நடக்கும், இது சிகாகோ சவுத் சைடு.

அப்பா ஃபிராங்க் முழுநேரக் குடிகாரன், அம்மா மோனிக்கா வீட்டை விட்டுப் போயாச்சு, ஆறு பசங்க, மூத்தவ ஃபியோனா படிப்பை விட்டுட்டு மத்த அஞ்சு பேரையும் வளக்குறா. முதல் எபிசோடுலயே கரண்ட் பில் கட்ட காலங்காத்தால ஆளாளுக்கு கையில இருக்கறதை எடுத்துப் போடுவாங்க பாருங்க, சின்ன வாண்டு வரைக்கும், யாரும் மூக்கை சிந்தல, சோக மியூசிக் இல்ல, பல்லு விளக்குற மாதிரி அதுவும் ஒரு வேலை அவ்ளோதான், எனக்கு சீரிஸ் புடிச்சுப்போனதே அந்த இடத்துலதான். குளிர்காலத்துக்குன்னு அணில் மாதிரி சேத்து வைக்கிற ஸ்க்விரல் ஃபண்டுன்னு ஒரு உண்டியல் பணம் வேற இருக்கும், 2வது சீசன்ல திரும்பி வர்ற அம்மாவும் ஃபிராங்கும் சேந்து அதை காலி பண்ணுவாங்க, எனக்கு டிவியை உடைக்கணும் போல இருந்துச்சு. செத்துப்போன ஜிஞ்சர் பாட்டி பேர்ல வர்ற அரசாங்கப் பணத்தை விடாம வாங்கிட்டு இருந்து, விசாரிக்க ஆள் வரவும் முதியோர் இல்லத்துலேந்து ஒரு கிழவியை கூட்டிட்டு வந்து உக்கார வைக்கிற எபிசோடு தனி ரகம்.

4வது சீசன்தான் உச்சம். ஃபியோனா டேபிள்ல விட்ட கொக்கெய்ன் குட்டிப் பையன் லியாம் வாயில போய், ஆஸ்பத்திரி, கைதுன்னு போகும், நல்லவளையே தப்பு பண்ண வச்சு கூண்டுல நிறுத்துற தைரியம் எல்லா சீரியலுக்கும் வராது, ஃபியோனாவா வர்ற எமி ராசம் நடிப்பு அப்படி.

6லேந்து ஜவ்வு. 9வது சீசன் முடிவுல ஃபியோனா 50,000 டாலரை வீட்ல வச்சுட்டு கிளம்பிடுறா, சில்லறை பொறுக்கி கரண்ட் பில் கட்டின அதே வீட்ல. நான் அதோட நிறுத்தியிருக்கணும், மீதி ரெண்டு சீசனை ஓட்டி ஓட்டிதான் பாத்தேன்.