சொர்க்கப் பறவைக்காக ஏன் இத்தனை அலைச்சல்?

"ஒரு பறவையைப் பார்க்க இவ்வளவு செலவழித்து நியூ கினி பக்கம் போகிறார்களே, யூடியூபில் பார்த்தால் போதாதா?" என்று கேட்டிருக்கிறீர்கள். போய்வந்தவன் சொல்கிறேன், போதாது.

இந்தக் கிறுக்கு நேற்று வந்ததல்ல. 1522இல் ஸ்பெயின் திரும்பிய மெகல்லன் குழுவின் கப்பலில் சொர்க்கப் பறவைகளின் பதப்படுத்திய உடல்கள் இருந்தன. ஆஸ்திரேலியாவுக்கு வடக்கே, இவை வாழும் நியூ கினி பக்கத்துத் தீவுகளில் கால்களை வெட்டிவிட்டுத்தான் பதப்படுத்துவார்கள். காலில்லாத பறவை எப்படித் தரையிறங்கும்? சாகும்வரை வானத்திலேயே மிதக்கும் என்று ஐரோப்பாவில் கதை கட்டிவிட்டார்கள். இங்கிலாந்து இயற்கை ஆய்வாளர் வாலஸ் 1857இல் நியூ கினிக்குப் பக்கத்திலுள்ள ஆரு தீவுகளுக்கே போய்க் காட்டில் நேரில் பார்த்து எழுதினார். பிறகு புகைப்படக்காரர் டிம் லேமனும் பறவை ஆய்வாளர் எட்வின் ஸ்கோல்ஸும் அப்போது அறியப்பட்டிருந்த 39 இனங்களையும் படமெடுக்க 8 வருடம் அலைந்தார்கள். அந்தப் படங்கள்தான் என்னையும் கிளப்பிவிட்டன.

நான் பார்த்தது அவற்றில் ஒன்றான வில்சன் சொர்க்கப் பறவை. இந்தோனேசியாவின் வைகேயோ, பட்டாண்டா தீவுகளை விட்டால் வேறெங்கும் கிடையாது. மைனாவைவிடச் சின்னது. ஆணுக்கு முதுகு சிவப்பு, பிடரி மஞ்சள், உச்சந்தலையில் இறகே இல்லாத நீலத்தோல், வாலில் சுருண்ட இரண்டு கம்பிகள். விடியுமுன் ஓலைத் தடுப்புக்குப் பின்னால் போய் உட்கார வேண்டும். ஆண் தனக்கென்று ஒரு துண்டு நிலம் வைத்திருக்கிறது. வந்ததும் விழுந்த இலை, சுள்ளியையெல்லாம் பொறுக்கி வெளியே போடுகிறது. நான் அங்கே போய் முக்கால்வாசி நேரம் பார்த்தது ஒரு பறவை வாசல் பெருக்குவதைத்தான்!

அப்புறம் பழுப்பு நிறப் பெண் பறவை வந்து செடித்தண்டில் மேலே உட்கார்ந்தது. ஆண் கீழிருந்து மார்பின் பச்சைக் கவசத்தை அதன் பக்கம் விரித்தது. எனக்குத் தெரிந்தது பக்கவாட்டுத் தோற்றம் மட்டுமே. நல்ல சீட் அந்தப் பெண்ணுக்கு. பிடிக்கவில்லை போல, பறந்துவிட்டது. அது போனதும் ஆண் மறுபடி பெருக்க ஆரம்பித்தது பாருங்கள், அந்தப் பிடிவாதம் எந்த வீடியோவிலும் எனக்கு உறைத்ததில்லை.

செலவு உண்மைதான். நியூ கினியின் மேற்கு முனையிலுள்ள சோரோங் நகரம் வரை விமானம், அங்கிருந்து வைகேயோ தீவின் வைசாய்க்குக் கப்பல், பிறகு வழிகாட்டி. நாங்கள் கொடுத்ததில் ஒரு பங்கு, காட்டின் அந்தப் பகுதிக்கு உரிமையுள்ள குடும்பத்துக்குப் போனது. நூறு வருடம் முன்பு மேல்நாட்டுப் பெண்களின் தொப்பிக்காக இதே தீவுகளிலிருந்து இறகுகள் மூட்டை மூட்டையாகப் போயின. அதை நினைத்தால் எனக்கு இந்தச் செலவு உறுத்தவில்லை. ஆனால் மழை பிடித்துக்கொண்டால் பறவை வராமலும் போகலாம். கட்டிய பணம் திரும்பாது, அதற்கும் தயாராகப் போங்கள்.