அவர்கள் அப்படி ஓடவில்லை

அன்புள்ள ஆசிரியருக்கு,

மௌனப்பட காலத்து பேஸ்பால் காட்சிகளைப் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்துவிட்டு இணையத்தில் தேடிப் பார்த்தேன். எல்லோரும் சாவி கொடுத்த பொம்மை மாதிரி ஓடுகிறார்கள். பந்தே தெரியவில்லை. கூட்டம் தொப்பியை ஆட்டுகிறது. சிரிப்புத்தான் வந்தது. இதில் பார்க்க என்ன இருக்கிறது?

க.

அன்புள்ள க.,

அவர்கள் அப்படி ஓடவில்லை. அன்றைய கேமராவைக் கையால் சுற்றினார்கள். விநாடிக்குப் பதினாறு, பதினெட்டு சட்டகம் (ஃப்ரேம்) பதிவாகும். சுற்றுகிறவர் கையைப் பொறுத்துக் கூடும், குறையும். அதைப் பேசும்படத்துக்கான 24இல் ஓட்டினால் எல்லோரும் பொம்மைதான். வேகத்தை 0.75க்குக் குறைத்து இன்னொரு முறை பாருங்கள்.

இதை நான் இவ்வளவு அழுத்திச் சொல்ல ஒரு காரணம் உண்டு. 1919 உலகத் தொடர், அதாவது அமெரிக்க பேஸ்பாலின் இறுதித் தொடர்; சின்சினாட்டியில் அந்த ஊர் அணியான ரெட்ஸுடன் முதல் ஆட்டம், நான்காவது இன்னிங்ஸ். சிகாகோ வைட் சாக்ஸின் பிட்சர் (பந்து எறிபவர்) எட்டி சிகாட் தன்னிடம் வந்த பந்தை எடுத்து இரண்டாவது பேஸுக்கு, அதாவது ஓடுகிறவர் தொட வேண்டிய இரண்டாவது முனைக்கு, எறிகிறார். அங்கிருந்து முதல் பேஸுக்குப் போன எறி பிந்திவிடுகிறது. இருவர் அவுட்டாகியிருக்க வேண்டும்; ஒருவர்தான் ஆனார். அந்த இன்னிங்ஸில் ரெட்ஸ் ஐந்து ரன் எடுத்தது. சூதாடிகளோடு சேர்ந்து தோற்ற விவகாரத்தில் சிகாட் உட்பட எட்டுப் பேர் 1921இல் ஆயுளுக்கும் விலக்கப்பட்டார்கள். முந்தைய நாள்தான் நீதிமன்றம் அவர்களை விடுவித்திருந்தது. அந்த எறியில் சிகாட் வேண்டுமென்றே தாமதித்தாரா என்று இன்றும் வாதிடுகிறார்கள். அந்த இன்னிங்ஸின் காட்சி ஒரு செய்திப்படத்தில் மிஞ்சியிருக்கிறது. அதை வேகமாக ஓட்டினால் பார்க்க வேண்டிய தாமதமே காணாமல் போய்விடும்.

அது மிஞ்சியதே பெரிய விஷயம். கனடாவின் யூகானில் இருக்கும் டாசன், அன்று படப்பெட்டி போய்ச் சேர்ந்த கடைசி ஊர். திருப்பி அனுப்பச் செலவு அதிகம் என்று பெட்டிகள் அங்கேயே தங்கின. 1929இல் ஒரு நீச்சல்குளத்தைத் தூர்க்க அவற்றைக் கொட்டி மூடினார்கள். 1978இல் தோண்டியபோது 533 சுருள்கள் வெளிவந்தன. எளிதில் தீப்பற்றும் நைட்ரேட் சுருள்களை ஐம்பது வருடம் காத்தது உறைந்த மண்.

பந்து தெரியாதது உண்மைதான். நான் கூட்டத்தைத்தான் பார்க்கிறேன். அன்று 30,000 பேருக்கு மேல் வந்திருந்தார்கள், பெரும்பாலும் உள்ளூர்க்காரர்கள். சூது விவரம் அம்பலமாக மறு வருடம் செப்டம்பர் ஆயிற்று. அதுவரை அவர்கள், தங்கள் ஊர் 9–1 என்று நேராக ஆடி வென்றது என்றே நினைத்திருந்தார்கள்.